கடைசி இரண்டு தவணை

மல்லாகம் கோட்டிலை
மூண்டாம் முறையும் என்ரை பேரைக் கூப்பிட்டினம்:
நாகமுத்து கனகசூரியம்.
முதல் இரண்டு முறையும்
நான் வேட்டியைச் சரிசெய்து எழும்ப முன்னமே
தவணை போட்டாச்சு.

தவணை எண்டால் எனக்குத் தெரியும்.
மாதம் நாலாயிரத்து இருநூறு, இருபத்துநாலு மாதம்,
வெங்காயத்துக்கு இறைக்கிற மெஷினுக்கு
கஸ்தூரியார் வீதிக் கொம்பனியிலை கட்டினது.
நீதிபதி ஐயா போடுறதும் தவணைதான்.
அதையும் கட்டுறது எமிலியானுஸ்தான்,
சட்டத்தரணியின்ரை மேசையிலை.

அவரைக் கொம்பனியின்ரை ஆள் எண்டுதான் நினைச்சிருந்தன்.
சேட்டுப் பையிலை கொம்பனிப் பேர்,
தலைக்கவசத்திலை கொம்பனிப் பேர்,
வருசம் தவறாமல் தந்த கலண்டரிலையும் அதுதான்.
தொழில் நியாயசபையிலை சொல்லிப்போட்டினமாம்:
நீர் தொழிலாளி இல்லை, முகவர்,
சிவில் கோட்டுக்குப் போம்.
முகவர்.
சொல்லுக்குள்ளை முகம் இருக்கு.
வயிறு இல்லை.

கூண்டிலை ஏறினன்.
கொம்பனியின்ரை சட்டத்தரணி இளம் பெடியன்,
சப்பாத்து மினுங்குது.
மெஷினை உங்களுக்கு வித்தது ஆர்?
இதெல்லாம் ஒரு கேள்வியோ. எமிலியானுஸ்.
பற்றுச்சீட்டிலை அவரின்ரை கையெழுத்து இருக்கோ?
இல்லை.
காசு எங்கை கட்டினியள்?
கடையிலை.
அப்ப நீங்களாத்தான் கடைக்குப் போனியள்?
ஓம், பஸ்ஸிலை.

எழுதினவை.
எழுதாமல் விட்டதைச் சொல்லுறன்:
ஐஞ்சு தரம் புத்தூருக்கு வந்தவர் அந்த மனுசன்.
மார்கழி மழைக்கை நனைஞ்சுகொண்டு
என்ரை கிணத்துக்கை கயிறு விட்டு ஆழம் பாத்து,
“உங்களுக்குப் பெரிசு வேண்டாம் அண்ணை,
இரண்டு இஞ்சு காணும்,
மிச்சக் காசுக்கு விதை வாங்குங்கோ” எண்டு
தன்ரை கொமிசனைத் தானே குறைச்சவர்.

பிறகு அந்தக் கேள்வி.
இருபத்துநாலு தவணையும் கட்டி முடிச்சிட்டியளோ?

விசிறி சுத்துற சத்தம் கேட்டுது.

வெங்காயம் கிலோ அறுபதுக்கு விழுந்த வருசம்
இருபத்திரண்டோடை நிப்பாட்டினனான்.
பெரிய கொம்பனி, எட்டாயிரத்து நானூறு
அவைக்கு ஒரு காசோ எண்டு
இறைச்சுக்கொண்டே இருந்திட்டன்.

பெடியன் ஒப்பந்தத்திலை ஏழாம் பிரிவை வாசிச்சார்:
வாடிக்கையாளர் இறுதிச் சதத்தையும் செலுத்திய பின்னரே
முகவருக்குத் தரகு உரித்தாகும்.
எழுபத்தொரு மெஷின் வித்த மனுசன்.
என்னைப்போலை எத்தினை பேரோ
அந்தக் காசுக்கு மேலை ஏறி இருக்கிறம்.

எமிலியானுஸ் என்னைப் பாக்கேல்லை,
மடியிலை கிடந்த கொப்பியைப் பாத்தவர்.
அதிலை என்ரை பேருக்கு நேரை
இருபத்திரண்டு எண்டு எழுதியிருக்கும்.
அவருக்கு முதலே தெரியும்.
தெரிஞ்சுதான் கூப்பிட்டவர்.
கிணத்தின்ரை ஆழம் சொல்ல
வேறை ஆள் இல்லை.

அடுத்த தவணை ஆவணி பத்தொன்பது.

சந்திக் கடையிலை பிளேன்ரீக்கு அவரே காசு குடுத்தார்.
“வாசர் மாத்தினியளோ அண்ணை?” எண்டார்.
அவ்வளவுதான்.
கேட்டிருந்தால் நான் சண்டை பிடிச்சிருப்பன்,
ஆறுதலா வீட்டை வந்திருப்பன்.

திங்கட்கிழமை நகைக்கடைப் பை ஒண்டுக்குள்ளை
எட்டாயிரத்து நானூறைச் சுத்திக்கொண்டு
கஸ்தூரியார் வீதிக்குப் போனன்.
காசாளர்ப் பிள்ளை கொம்பியூட்டரைப் பாத்திட்டு
நோட்டை எண்ணாமலே திருப்பித் தள்ளினா.
“இந்தக் கணக்கு வழக்கிலை கிடக்கு ஐயா,
இப்ப எடுக்க ஏலாது.”

கணக்கு வழக்கு.
சின்னனிலையிருந்து சேர்த்துத்தான் சொல்லுறனான்,
ஒண்டு மற்றதை விழுங்கும் எண்டு
அண்டைக்குத்தான் கண்டது.

“எடுக்க மாட்டம் எண்டதை
ஒரு துண்டிலை எழுதித் தாங்கோ பிள்ளை.”

பேனையை எடுத்தவ,
கண்ணாடி அறைக்குள்ளை இருந்த
மனேச்சரைத் திரும்பிப் பாத்தா.
நான் கதிரையை இழுத்துப்போட்டு
இருந்திட்டன்.