சவுண்டு

மாமியார் திரும்பினால் மூன்று வினாடி.
கர்ப்பம் தெரிந்தால் ஒன்பது.
கடிதம் கிழிந்தால்
வயலினையும் கிழிய விடு என்பார் சீரியல் டைரக்டர்.
பதினாலு வருடம் கிழித்தேன்,
வளசரவாக்கத்தில், ஏ.சி. ஒழுகும் அறையில்,
ஒரே கீபோர்டில்.
வீட்டுக்கடன் அந்த ஒன்பது வினாடியில்தான்
மாதாமாதம் கட்டுப்பட்டது.

பிறகு ஒரு சினிமா.
குவாரிக் கதை, பர்கூர் பக்கம் எடுத்தார்கள்.
தம்பி மேல் கல் சரிகிறது.
நீ கிருஷ்ணகிரிக்காரன், உனக்குத் தெரியும்
என்றார் இயக்குநர்.
எனக்குத் தெரிந்ததெல்லாம்
கல்லறுக்கும் வாள்
ரிஷபத்துக்கும் காந்தாரத்துக்கும் நடுவே
பெயரில்லாத ஓர் இடத்தில் நின்று அலறும் என்பதுதான்.

நாற்பது வினாடிக்குப் பதினேழு முறை போட்டேன்.
செல்லோ. செல்லோவை எடுத்துவிட்டு ஷெனாய்.
கோரஸ் ஆறு பேர், ஆளுக்கு மூவாயிரம்.
எல்லாமே
அந்த அம்மா ஓடி வந்து சேருமுன்
அவளுக்குப் பதில் அழுது முடித்தன.
மிக்ஸிங்கில், விடிகாலை மூன்றரைக்கு,
ஒவ்வொரு ஃபேடராய்க் கீழே இறக்கினேன்.
தூசி விழும் சத்தம் மிச்சம் நின்றது.
அதையும்.
இன்ஜினியர் தனசீலன்
டீயைக் குடிக்காமல் பிடித்துக்கொண்டு கேட்டான்:
"சார், இதுக்கு பில்லு போடுவீங்களா?"

வெள்ளிக்கிழமை மாட்னி.
ரவுண்டானா தாண்டி அந்த தியேட்டர்.
டைட்டிலில் 'இசை: மாரியபிரகாசம்'.
எலத்தகிரியில் ஞானஸ்நானம் பெற்ற மரியபிரகாசம்
துணைக்கால் ஒன்று கூடி
மாரியம்மனிடம் போய்ச் சேர்ந்தான்.
பரவாயில்லை. அவளும் மேளத்துக்கு வருகிறவள்தான்.

முன்வரிசையில்
மாங்கூழ் ஃபேக்டரி ராத்திரி ஷிப்ட் முடித்தவர்கள்,
பாதித் தூக்கத்தில்.
கல் சரிந்தது.
நான்காம் வினாடி ஒருவன் திரும்பி
மேலே ஜன்னலைப் பார்த்தான்.
ஏழில் விசில்.
"டேய் ஆபரேட்டர், சவுண்டு விடுடா!"
பதினொன்றில் தியேட்டரே தட்டியது
நாற்காலிக் கைகளை,
கண்டநடையில், சத்தியமாக.
பதினெட்டில் நானும் கத்தினேன்.
எந்த முகமும் இத்தனை நேரம் தனியாய் நின்று
நான் பார்த்ததில்லை.
அவள் வாய் திறந்திருந்தது, திரை முழுக்க,
நான் எழுந்து நின்று
சவுண்டு, சவுண்டு என்றேன்.

பயத்தில் ஆபரேட்டர் திருகியிருக்க வேண்டும்.
நாற்பத்தொன்றில்
டிப்பர் லாரி ஹாரன் இடியாய் இறங்கியது.
விசிலடித்தவன் காதைப் பொத்திக்கொண்டான்.

இடைவேளை. முட்டை பப்ஸ் வரிசை.
முன்னால் நின்றவர் சட்டைக் காலரில் கிரானைட் மாவு.
"சவுண்டு கட்டாயிருச்சு, பாத்தீங்களா?"
பார்த்தேன் என்றேன்.
"அங்கதான் மியூசிக் போட்டிருப்பான்.
இப்பிடி வந்திருக்கும்."
மெல்ல முனகிக் காட்டினார், கண்ணை மூடி.
நான் தூக்கிப்போட்ட ஒன்பதாவது.
கிட்டத்தட்ட.
கடைசிச் சுரத்தை மட்டும்
வாள் நிற்கும் இடத்தில் நிறுத்தினார்.

போன் அடித்தது. சீரியல்.
"கரு கலையுது பிரகாசம், ஒம்பது பத்தாது,
பன்னெண்டு வேணும், நைட்டுக்குள்ள."
போட்டுடலாம் என்றேன்.
பப்ஸ் தீர்ந்திருந்தது.