ஆறாவது இடம்

இரவு பதினொன்றே கால். கெர்னியில் காற்று
ஜன்னல் கம்பிவலையைப் பிறாண்டுகிறது.
அடித்தளத்தில், துவைக்கும் இயந்திரத்துக்குப் பக்கத்தில்
என் மேசை. இரண்டு திரை. ஆறிய காபி.
இன்றைய இருபத்துமூன்றாவது கோப்பு:
ஆண், முப்பத்துநான்கு,
மக்காச்சோளக் களஞ்சியத்தின் ஏற்றுத்திருகு,
காற்சட்டையின் விளிம்பு.

நான் ரத்தம் பார்த்தவள் இல்லை.
பதினேழு வருடமாய் அதற்கு
எண் போடுகிறவள்.

எஸ் என்றால் காயம்.
எண்பத்தெட்டு என்றால் முழங்கால் தொட்டுக் கீழே.
புள்ளிக்குப் பிறகு, எந்த மட்டம்:
முழங்காலுக்கும் கணுக்காலுக்கும் நடுவே. ஒன்று.
அடுத்து, முழுதாகவா பாதியாகவா.
டாக்டர் ஹெனிங்சன் எழுதவில்லை.
எழுதாவிட்டால் முழுதென்று கொள்.
விதி.
புத்தகத்தில் இருப்பதைத்தான் சொல்கிறேன்,
நெற்றியில் இருப்பதை அல்ல.
மறுபடி ஒன்று.

ஆறாவது இடத்தில் நின்றுவிட்டேன்.
வலது என்றால் ஒன்று, இடது என்றால் இரண்டு,
குறிப்பிடவில்லை என்றால் ஒன்பது.
அவசரப் பிரிவின் குறிப்பில் வலது.
அறுவைக் குறிப்பில் இடது.
விடுவிப்புச் சுருக்கத்தில் வெறும் 'கால்',
ஏதோ நாற்காலியைச் சொல்வது போல.
ஒன்பது போட்டு அனுப்பினால்
காப்பீட்டுக்காரன் கேட்பான்:
எந்தக் காலென்று தெரியாமலா தைத்தீர்கள்?

மேலும் கீழும் உருட்டினேன்.
செவிலியின் உடைமைப் பட்டியல், மாலை 6:40:
பணப்பை, ஒன்று.
விதைக் கம்பெனித் தொப்பி, ஒன்று.
மோதிரம், மனைவியிடம் கொடுக்கப்பட்டது.
வேலை பூட்ஸ், வலது,
ஒன்று.

தெரிந்துவிட்டது.
தெரிந்தும் எழுத முடியாது.
பூட்ஸை வைத்துக் கால் எழுத எனக்கு உரிமையில்லை,
மருத்துவர் வாயால் வர வேண்டும்.
கேள்விப் படிவம் திறந்தேன்:
'பதிவுகளில் முரண் உள்ளது. தெளிவுபடுத்தவும்.
வலது / இடது / தீர்மானிக்க இயலவில்லை.
மர்லிஸ் வோபாட், குறியீட்டுப் பிரிவு.'
விடையின் பக்கம் அவரைத் தள்ளக் கூடாது.
பூட்ஸைப் பற்றி மூச்சு விடவில்லை.

காத்திருக்கும் நேரத்தில் மற்றதைப் போட்டேன்.
எங்கே நடந்தது? பண்ணை.
(கோழிக்கூண்டுக்குக்கூடத் தனி எண் உண்டு.
இதுவரை ஒரே ஒரு முறை போட்டிருக்கிறேன்,
சிரித்துக்கொண்டே.)
எதனால்? தானிய ஏற்றி:
டபிள்யூ, முப்பது, புள்ளி, மூன்று,
பிறகு இரண்டு எக்ஸ்.
அந்த எக்ஸுகளுக்கு அர்த்தம் கிடையாது.
இல்லாததின் இடத்தில் நின்று
பின்னால் வருகிற எழுத்தை
விழாமல் பிடித்துக்கொள்கின்றன.

மேலே டுவைட் பால் எடுக்க நடக்கிறான்.
பலகைத்தளம் சொல்கிறது:
ஒன்று, இரண்டு. ஒன்று, இரண்டு.
தலையில் கை வைத்துக்கொண்டேன்.

புதன்கிழமை பதில் வந்தது.
'இடது. மன்னிக்கவும்.'
யாரிடம் கேட்கிறார் என்று தெரியவில்லை.
இரண்டு என்று அடித்தேன்.
கடைசியில் ஏ, முதல் சிகிச்சை.
கோப்பு போயிற்று. இருபத்துநான்காவது,
ஒரு பித்தப்பை.

ஏப்ரலில் அதே பதிவு எண்
என் வரிசையில் வந்து விழுந்தது.
இப்போது அவனுக்கு வேறு எழுத்து, இசட்.
காயம் இல்லை, காரணம் இல்லை,
இல்லாமை மட்டும்.
இடது, முழங்காலுக்குக் கீழே, இல்லை.
இம்முறை எல்லாம் தெளிவாய் எழுதியிருந்தார்கள்.

வலிப் பிரிவின் குறிப்பைப் படித்தேன்:
'இடது பாதத்தில் பூட்ஸ் இறுக்குகிறது என்கிறார்.
இரவில் நாடாவை அவிழ்க்கச் சொல்லி
மனைவியை எழுப்புகிறார்.
அவர் எழுந்து அவிழ்க்கிறார்.'

கடைசி வரியை மருத்துவர் ஏன் எழுதினார்?
அதற்கு எண் கிடையாது.

மாய உறுப்பு, வலியுடன்:
ஜி ஐம்பத்துநான்கு புள்ளி ஆறு.
அத்தோடு முடிகிறது.
எந்தப் பக்கம் என்று அது கேட்கவில்லை.
ஆறாவது இடமே அதில் இல்லை.
இரண்டு முறை புத்தகத்தைப் புரட்டிப் பார்த்தேன்,
பழக்க தோஷத்தில்.