நான்கெல்லை

நீதிமன்றம் குலுவிலிருந்து
வாடகை வேனில் வந்து இறங்கியது:
ஒரு நீதிபதி, இரண்டு வக்கீல், ஓர் அளவு நாடா,
சட்டை மட்டும் காக்கியாய் ஒரு போலீஸ்காரர்,
மொழிபெயர்க்க நான்.

நீதிபதி கெம்பாபாசிக்கு அச்சோலி தெரியாது.
இடுப்பளவு புல்லில் ரப்பர் பூட்ஸோடு நடந்து
முதல் வாக்கியத்தை என்னிடம் தந்தார்:
வாதி எல்லைகளைக் காட்டட்டும்.

அதிமாங்கோ காட்டினாள்.
கிழக்கே ஷியா மரம்.
(கரிக்காரர்கள் விட்டுவைத்த அடிக்கட்டை.)
தெற்கே ஓடை.
(போன மழையில் இருபதடி தள்ளிப் போய்விட்டது.)
மேற்கே லபேஜாவின் வீடு.
(லபேஜா இல்லை. வீடும்.)
வடக்கே பாதை.
அதில்தான் போனோம்.

"முகாமுக்கு" என்று நான் சேர்த்துவிட்டேன்.
சாட்சி சொல்லாததை
மொழிபெயர்ப்பாளர் சொல்கிறார் என
எதிர்வக்கீல் ஆட்சேபித்தார்.
நியாயம்தான். அடித்தார்கள்.

பிரதிவாதி ஒஜாராவிடம் காகிதம் இருந்தது.
பிளாஸ்டிக் உறைக்குள் ஊதாக் கைநாட்டு,
கிரயம் மூன்று ஆடு, ஒரு சைக்கிள்.
விற்றவன் பெயர் தெளிவாய் இருந்தது,
விற்க அவன் யார் என்பதுதான் இல்லை.
காகிதம் கிடக்கட்டும் என்றார் வக்கீல்,
பன்னிரண்டு வருஷம்
தடையின்றி ஆண்டனுபவித்து வருகிறார் என் கட்சிக்காரர்.

அந்தச் சொல்லில் கொஞ்சம் தடுக்கினேன்.
"இத்தனை நாளும் மண்ணோடு இருக்கிறாராம்" என்றேன்.
அதிமாங்கோ சிரித்தாள்:
நானும்தான் இருந்தேன்,
மண் மட்டும் பக்கத்தில் இல்லை.

பிறகு மழைகளை எண்ணினார்கள்.
வருஷத்துக்கு இரண்டு விதைப்பு.
இருபத்து நான்கு என்றான் ஒஜாரா.
இல்லை, இருபத்து மூன்று,
கடைசி எள் விதைக்கும் முன்பே
வழக்குப் போட்டாயிற்று என்றாள் அவள்.
ஒரு பிடி எள்ளில் வந்து நின்றது நிலம்.
நீதிபதி பேனா மூடியைக் கடித்தார்.

அப்போதுதான் சொன்னாள்:
அந்தக் கறையான் புற்றுக்குக் கீழே
அம்மாவின் அரைகல் இருக்கிறது.
ஓடும்போது யாரும் கல்லைத் தூக்குவதில்லை.
அம்மாவுக்கு இடது கைதான் கை,
குழி இடப்பக்கம் சாய்ந்திருக்கும்.

பார்க்காததைப் பதிவு செய்ய முடியாது என்று
தோண்டச் சொன்னார்கள்.
மண்வெட்டி ஒஜாராவுடையது.
மூன்றாம் முழத்தில் ணங் என்றது.
புரட்டினார்கள், துடைத்தார்கள்,
குழி
இடப்பக்கம் சாய்ந்திருந்தது.

யாரும் கேட்காமலே ஒஜாரா பேசினான்.
கல் அவர்களுடையதுதான்.
முதல் வருஷமே கொழு அதில் இடித்தது.
அடுத்த வருஷத்திலிருந்து
சுற்றி உழுதேன்.
அவன் வக்கீல் கண்ணை மூடிக்கொண்டார்.
நான் ஒரு சொல்லும் கூட்டவில்லை, குறைக்கவில்லை.

வாதி தரப்புச் சான்றாவணம் நான்கு
என்று சுண்ணக்கட்டியால் எழுதிக்
கல்லை வேனில் ஏற்றச் சொன்னார் நீதிபதி.
போலீஸ்காரரால் அசைக்கவும் முடியவில்லை.
ஒரு பக்கம் வாதி, ஒரு பக்கம் பிரதிவாதி,
"மெதுவா, விரல்" என்று
ஒருவருக்கொருவர் சொல்லிக்கொண்டார்கள்.
அது பதிவில் இல்லை.

வேன் கிளம்பியபோது
திரும்பிப் பார்த்தேன்.
கல் இருந்த இடத்தில் ஒரு பள்ளம்.
எள் அதைச் சுற்றி வளைந்து போயிருந்தது,
இனி எதற்காக என்று தெரியாமல்.

ஆறு வாய்தா ஆயிற்று.
நீதிபதி கெம்பாபாசி மாற்றலில் போய்விட்டார்.
புதியவர் கேட்கிறார்:
இந்தக் கல் அந்த நிலத்தில்தான் இருந்தது என்பதற்கு
என்ன ஆதாரம்?

ஆவண அறையின் கதவு
காற்றில் அடித்துக்கொள்ளும்.
எழுத்தர் அபொங்கோ அதற்குக்
கல்லை முட்டுக் கொடுத்திருக்கிறார்.
கோப்பு எடுக்கப் போகும்போதெல்லாம்
குனிந்து, அந்தக் குழியில்
கை வைத்துப் பார்க்கிறேன்.
என் வலது கை
அதில் சரியாக அமர்வதில்லை.