இரண்டாவது சாட்சி

பாடாங் செராய் நில அலுவலகத்துக்கு எதிர்வரிசை,
நான்காவது கதவு.
நகல் ஒரு பக்கம் இருபது காசு.
சாட்சிக் கையெழுத்துக்குக் காசில்லை,
ஒரு தே தாரேக் போதும் என்பேன்
விளையாட்டாக.

அப்படித்தான் போட்டேன்
சின்னக்கருப்பன் உயிலிலும்.

இரண்டே முக்கால் ஏக்கர்.
வெள்ளைக்காரன் தோட்டத்தைத் துண்டு போட்டு விற்ற வருடம்
பெண்டாட்டி தாலிக்கொடியை
சீனன் அடகுக்கடையில் வைத்து வாங்கியது.
கொடி திரும்பவில்லை. கிராந்து வந்தது.

பால்மரம் நின்றவரை எந்தப் பிள்ளையும் கேட்கவில்லை.
செம்பனை வைத்தபோதும் கேட்கவில்லை.
நெடுஞ்சாலைக்காரன் வந்து
சிவப்புக் கொடி நட்டுப்போன வாரம்
ஏக்கர் சதுர அடியாயிற்று.
அடுத்த மாதம்
தம்பி எதிர்வாதியானான்.

முதல் உயிலில் மூவருக்கும் சமம்.
இரண்டாவதில் முழுவதும் தேவதாசுக்கு.
நான் சாட்சி போட்டது இரண்டாவதற்கு.
ஒன்பது மாதம் கஞ்சி ஊட்டியவன் அவன்தான்,
பீ மூத்திரம் அள்ளியவனும்.
இதையும் சொல்லிவிட வேண்டும்,
எந்த லாயரும் இதைக் கேட்கவில்லை.

சுங்கை பட்டாணி உயர்நீதிமன்றம்.
ஏர்கோன் எலும்பில் இறங்கியது.
நிபுணர் கண்ணாடியை மேலேற்றிச் சொன்னார்:
கட்டைவிரல்தான், ஆனால் ரேகையில்லை.
எனக்குச் சிரிப்பு முட்டியது.
முப்பத்தாறு வருடம் பால் ஸ்டோரில்
திராவகம் கலக்கிய கை ஐயா அது.
ஐசி மாற்றப் போனபோது
மிஷின் மூன்று தடவை தள்ளியதாம்.
"மிஷினுக்கு நான் எப்பவோ செத்துட்டேன் போல,"
என்று கடைவாசலில் நின்று
அவரே சொல்லிச் சிரித்தார்.

நாகேந்திரனின் லாயர் எழுந்தாள். சின்னப் பெண்.
"விரலை அவரே வைத்தாரா?
நீங்கள் பார்த்தீர்களா?"

அந்த நேரம் என் தொலைபேசி அடித்தது.
மகளின் பள்ளியிலிருந்து. காய்ச்சலாம்.
வாசல் பக்கம் திரும்பி
வரேன் டீச்சர் வரேன் என்றேன்.
திரும்பினால்
விரல் காகிதத்தின் மேல் இருந்தது.
மணிக்கட்டில் இன்னொரு கை.
தாங்கியதா, தள்ளியதா.
கிழவர் கண்
காற்றாடியைப் பார்த்துக்கொண்டிருந்தது.

"பார்த்தேன்" என்றேன்.
பார்த்தேன்தான்.
எதை என்று அவள் கேட்கவில்லை.

தீர்ப்புக்குத் தேதி இன்னும் வரவில்லை.
அண்ணன் காலையில் வருகிறான்,
தம்பி மாலையில்.
ஒரே கிராந்து, அதே மை மங்கிய முத்திரை,
என் மிஷினின் ஒரே கண்ணாடியில்
குப்புறப் படுத்து எழுகிறது.
இருவருமே மீதிச் சில்லறையை எண்ணிப் பார்க்கிறார்கள்.

நேற்று, கடையடைக்கும் நேரம், பூரணி வந்தாள்.
இரண்டு பேருக்கும் நடுவில் பிறந்தவள்,
கூலிமில் ஏதோ தொழிற்சாலையில் இரவு ஷிப்ட்.
உயிலின் கடைசிப் பக்கத்தைக் கண்ணாடியில் வைத்தாள்.
"அப்பா விரலை மட்டும் பெருசு பண்ணுங்கக்கா."

இருநூறு விழுக்காடு.
"இன்னும்."
நானூறு.
அதற்கு மேல் போகாதென்றேன்.
அதையே வைத்து மறுபடி நானூறு என்றாள்.

கறுப்பு பெரிதாகிக்கொண்டே வந்தது.
ஒரு கோடில்லை. ஒரு சுழியில்லை.
ஓரத்தில் ஓர் இடத்தில் மட்டும்
மை லேசாக இழுபட்டிருந்தது,
வாசல் பக்கமாக,
நான் நின்றிருந்த பக்கமாக.

அவள் அதைப் பார்த்தாளா தெரியவில்லை.
நாள்காட்டி போலச் சுருட்டி
ரப்பர் வளையம் கேட்டாள். கொடுத்தேன்.

பெரிய தாள் ஒன்று ஒரு வெள்ளி.
மூன்று தாள்.
வேண்டாமென்று சொல்ல வாய் திறந்தேன்.
அவள் காசை நீட்டியிருந்தாள்.
வாங்கிக்கொண்டேன்.