நூறு பேராவது

செந்தூல் பசாருக்குப் பின்னால்
தையல்காரருக்கும் பூட்டுக்காரருக்கும் நடுவே என் தட்டச்சுக் கடை.
ஒரு பக்கம் இரண்டு வெள்ளி. திருத்தினால் ஐம்பது காசு.
பள்ளி மாற்றம், வாடகைப் பாக்கி, மணவிலக்கு மனு,
எதையும் படிக்காமல் அடிக்கப் பழகியவள்.

நாலு மணி மழையோடு பெர்ஸான் வந்தான்,
சட்டையெல்லாம் ஆட்டுக்கொழுப்பு மணக்க.
புக்கிட் பிந்தாங்கில் நாளெல்லாம் கெபாப் சீவுகிறவன்.
அவன் மலாய்க்கு வயது மூன்று. என்னுடையது சந்தை மலாய்.
அந்த இடுக்கு வழியாக
ஓர் ஊரே நுழைய வேண்டியிருந்தது.

கம்போங் பாருவில் ஓர் அறநிறுவனம்
ஆழ்கிணறு போட்டுத் தருகிறதாம், எந்த நாடானாலும்.
ஊரில் நூறு பேராவது இருக்க வேண்டும்.
அவ்வளவுதான் நிபந்தனை.

ஊர்ப் பெயர்?
கானியா ஸேர் என்றான்.
காணி என்று என் காதில் விழுந்தது. நிலமாக்கும் என்று நினைத்தேன்.
இல்லை, கானி என்றால் ஊற்று. மஞ்சள் ஊற்று.
பிறகு குரலைத் தாழ்த்தி
வரைபடத்தில் வேறு பெயர், அரசாங்கம் வைத்தது, என்றான்.
எந்தப் பெயருக்குத் தண்ணீர் வரும்?
இரண்டையும் அடித்தேன், நடுவில் ஒரு சாய்கோடு.
ஊற்று வற்றி ஒன்பது வருஷம்.

மக்கள்தொகைக்கான கட்டம் ஒரு விரல் அகலம்.

எண்ணத் தொடங்கினான்.
மாலா ஷெமோ எட்டு. மாலா ஹஸால் ஐந்து. மாலா காதோ பதினொன்று.
என்ன தம்பி, உங்கள் ஊரில் எல்லாப் பெண்ணுக்கும் மாலாவா?
மாலா என்றால் இன்னார் வீடு, அக்கா.
என் நாத்தனார் மாலா நினைவுக்கு வந்தாள்.
ஐம்பது வருஷமாக வாடகை கட்டுகிறாள்.

ஜெர்மனிக்குப் போனவர்களை விட்டான்.
தன்னையும் விட்டான்.
பனிக்கு நகரத்தில் இறங்கி
வெயிலுக்கு ஏறிவரும் காதோவின் தம்பியை
ஒரு சிகரெட் முடியும்வரை யோசித்துச் சேர்த்தான்.
தொண்ணூற்றேழு.

ஒன்பதுக்கு முன்னால் ஓர் ஒன்று போட
என் விரலுக்கு எவ்வளவு நேரம் ஆகும்?
போடவா என்று நான் கேட்கவில்லை.
போடு என்று அவனும் சொல்லவில்லை.

அம்மாவை அழைத்தான்.
திரையில் வெள்ளைத் துண்டு கட்டிய முகம், பின்னால் ஒரு கோழி.
பேச்சில் எனக்குப் பிடிபட்டது ஒரே சொல்: மிர்ஸோ.
அவன் அதைச் சொல்லும் ஒவ்வொரு முறையும்
தாடையை உயர்த்திச் சூள் கொட்டினாள்.

ஓடைக்கு அந்தப் பக்கம் ஒரு வீடு இருக்கிறது, அக்கா.
அரசாங்கத் துப்பாக்கியை வாங்கிக்கொண்ட வீடு. மாதச் சம்பளம்.
முப்பது வருஷமாக யாரும் அங்கே தேநீர் குடிப்பதில்லை.
பெரியப்பா பதுங்கியிருந்த குகையைக் காட்டிக்கொடுத்தது யார் என்று
அம்மாவுக்குத் தெரியும்.
எனக்கு அவ்வளவு நிச்சயமில்லை.
அங்கே ஆறு பேர்.

தொண்ணூற்றேழும் ஆறும் எவ்வளவு என்று சொல்ல
எனக்குக் கால்குலேட்டர் தேவையில்லை.
வாயைத் திறக்காமல் இருந்தேன்.

அவள்தான் அறுத்தாள் தொடர்பை.
தகரத்தில் மழை. பூட்டுக்காரர் ஷட்டரைப் பாதி இறக்கினார்.
அவர்கள் ஆடும் எங்கள் ஆடும்
ஒரே தொட்டியில்தான் வாய் வைக்கும், என்றான்
கீபோர்டைப் பார்த்து.
போடுங்கள்.

நூற்று மூன்று.
மை தீரும் பிரிண்டர் அந்த மூன்றை மட்டும்
வெளிறக் கக்கியது.

காசை எண்ணும்போது போன் துடித்தது.
குரல் செய்தி, ஏழு விநாடி.
கேட்டான். மறுபடியும் கேட்டான்.
தாளை என் பக்கமே தள்ளினான்.

எடுத்துவிடவா? என்றேன்.

இல்லை அக்கா, ஏழு பேராம் அங்கே.
நோன்பு மாதத்தில் ஒரு பெண் பிறந்திருக்கிறாள்.
பெயர்கூடச் சொல்கிறாள் அம்மா.

நூற்று நான்கு அடித்தேன்.
திருத்தத்துக்கு ஐம்பது காசு வைத்தான்.
வாங்கிக்கொண்டேன்.