அரைமணிச் சங்கம்

டயர்க்கடை மாடியில் வியாழன்தோறும் கூடுகிறோம்.
சந்தா இரண்டு வெள்ளி.
ஆலை எடைமேடைக் குணவதி செயலாளர்,
லோரிக்கார அந்தோணிமுத்து மிருதங்கம்,
பொருளாளரும் ஆர்மோனியமும் நான்.

எண்பத்திரண்டு பிறந்த இரவு
நாடே கடிகாரத்தை அரைமணி முன்னே தள்ளியது.
தள்ளிய அரைமணியை யாரும் தேடவில்லை.
எங்கள் சங்கத்தார்தான்
துருத்தியைத் திறந்து
முழுசாய் உள்ளிழுத்துக்கொண்டார்கள்.

வாசித்தால் ஊர் நிற்கும்.
செம்பனைக் குலை அந்தரத்தில்,
மாமாக் கடைத் தேத்தண்ணீர்
இரண்டு குவளைக்கும் நடுவே கயிறாய்.
கேட்டவர் மட்டும் நடமாடலாம்.

செலவுக் கணக்கு:
நம்பர் கடை சாத்துமுன் ஓடிய சின்னக்கண்ணுக்கு ஒரு நிமிடம்
(எண் விழவில்லை).
செம்மண் சாலையில் திணறிய ஆம்புலன்சுக்கு நான்கு.
பெரட்டுக்குப் பிந்தியவர்களுக்கு
பத்துப் பத்து நொடியாய், எழுபது தடவை.
தாளம் தப்பிச் சிந்தியது ஒன்றரை.
கையிருப்பு பதினொன்று ஐம்பது.

நேற்று குணவதி அத்தனையும் கேட்டாள்.
காரணம் கேட்பது விதியில் இல்லை.
அந்தோணிமுத்து என்னைப் பார்த்தான்,
பிறகு வாரை இழுத்துக் கட்டினான்.

ஆலைச் சங்கு ஊத வாயெடுத்தபடி நின்றது.
அவள் எங்கேயும் ஓடவில்லை.
செருப்பைக் கழற்றினாள்.
காலை எதிர் நாற்காலியில் நீட்டி
கண்ணை மூடிக்கொண்டாள்.