ஒற்றை மரச்செருப்பு

பாதிரியார் வௌட்டர் பிரம்பை நீட்டிப்
படத்தைச் சொல்லிக்கொண்டிருக்கிறார்.
ப்ரூஜ் நகரத்துக் கம்பளி வணிகர்கள் வாய்பிளந்து நிற்கிறார்கள்.
நான் தூணுக்குப் பின்னால், துடைக்கும் துணியோடு.
கெண்ட் மீன்காரர் சங்கம்
செத்துப்போன ஓவியனின் மனைவிக்குத் தந்த வேலை இது:
வாரம் ஒருமுறை சட்டத்தின் தூசி.

"கண்ணாடிக் குடுவையைப் பாருங்கள்.
ஒளி உள்ளே புகுந்தும் உடையவில்லை.
ஆகவே, கன்னிமை."

குடுவை எங்கள் வீட்டுடையது.
விளிம்பில் சில்லு போயிருந்தது.
அந்தப் பக்கத்தைச் சுவருக்குத் திருப்பிவைத்துத்தான்
கோசன் வரைந்தான்.

"அணைந்த மெழுகுவர்த்தி.
தேவ ஒளி வந்தபின் மனித ஒளி எதற்கு?"

எதற்கா?
மெழுகு என்ன விலை என்று தெரியுமா சாமி உங்களுக்கு?
விடிந்தபிறகு திரி எரிந்தால் ஊதி அணைப்பவள் நான்.
புகை இன்னும்
என் மூச்சு போன பக்கமே சாய்ந்திருக்கிறது.

தேவதாயின் மேலாடைக்குக்
கடல் கடந்து வந்த நீலம்தான் பூச வேண்டும் என்று
ஒப்பந்தத்தில் எழுதியிருந்தது.
பூசினான்.
மேலே ஒரே ஒரு பூச்சு.
அடியில் எல்லாம் மலிவு நீலம்.
மிச்சத்தை விற்று அந்த வருடத்து விறகு.
ஆளி எண்ணெயில் அதை அரைத்தவள் நான்;
பாவசங்கீர்த்தனத்தில் இதுவரை சொன்னதில்லை.

"சம்மனசின் இறக்கையோரம் ஓர் ஈ. பாவத்தின் அடையாளம்."
ஒரு வணிகர் கைக்குட்டையால் அதை விரட்டப் பார்க்கிறார்.
எல்லோரும் சிரிக்கிறார்கள்.
நானும்.
ஆகஸ்டு வெயிலில்
மீன்சந்தையிலிருந்து வந்து ஈரத்தில் ஒட்டிக்கொண்ட நிஜ ஈ அது.
பிடுங்கினால் இறக்கை போய்விடும்,
சம்மனசுக்கும்.
அதன்மேலேயே வரைந்துவிட்டான்.

"தரையில் கழற்றிப்போட்ட மரச்செருப்பு.
நிற்குமிடம் புனித பூமி."

ஒன்றுதானே இருக்கிறது, சாமி.
மோயீசன் இரண்டையும் அல்லவா கழற்றினார்?

எங்கள் வீட்டில்
யாரும் பேச்செடுக்காத ஒரு குளிர்காலம் உண்டு.
கோசன் தூர்னே நகரத்துக்குப் போயிருந்தான்.
அங்கே ஒரு விதவை என்றார்கள்.
கடன் என்றும் சொன்னார்கள்.
தவசுகாலம் தொடங்கிய அன்று வந்து
கதவருகே நின்றான், தாடியில் பனி.
நான் கேட்கவில்லை. அவனும் சொல்லவில்லை.
இன்னொரு தட்டை எடுத்துவைத்தேன்.
ஹெர்ரிங் மீனில் முள் அதிகம் என்றான்.
அடுத்த வருடம் வரைந்ததுதான் இந்தப் படம்.

அவனைப் புதைத்த ஆண்டு,
கோவிலில் யாருமில்லாத மதியம்,
கண்ணாடிக்காரன் பியரனிடம் இரவல் வாங்கிய லென்சோடு
சம்மனசுக்குப் பின்னாலுள்ள சன்னலுக்குள் போனேன்.
கட்டைவிரல் நகம் அளவு ஊர்.
லை ஆறு. காயும் வெள்ளைத் துணிகள்.
பாலத்தில் ஒரு நாய்,
ஒரு மனிதனின் முதுகு.
தோளில் மூட்டை. ஒரு காலில் மரச்செருப்பு.
மற்றக் கால்
ஈய வெள்ளையில் ஒரு புள்ளி,
தூரிகை முனையின் ஒரே தொடுகை.

வெறுங்கால்.

லென்சு கைநழுவியது. உடையவில்லை,
கன்னிமையின் அடையாளம்போல.

ஆனால் அன்று அவன் போனது தோல் பூட்சில்.
இரண்டு காலிலும்.
மரச்செருப்பு இரண்டும் அடுப்படியில் ஜோடியாகக் கிடந்தன.
வசந்தம்வரை நான் தாண்டித் தாண்டி நடந்தேன்.
குடுவை இருந்தது, புகை இருந்தது, ஈயும் இருந்தது.
இந்தப் பலகை முழுக்க
அவனாகச் சொன்ன பொய் இது ஒன்றுதான்.

பாதிரியாரின் பிரம்பு சன்னலைத் தாண்டுகிறது.
"இது சும்மா ஊர்க்காட்சி" என்கிறார்.
சிறகுக் கதவுகளைச் சாத்துகிறார்.
வணிகர்கள் உண்டியலைத் தேடுகிறார்கள்.

ஒற்றைச் செருப்போடு,
அந்தப் பனியில்,
எவ்வளவு தூரம்தான் போயிருப்பான்,
மடையன்.